கயிற்றுக்காரர் தெருவின் அகலம்

ழுவான்வீல், 3 பிப்ரவரி 1974

அர்மெல்,

எனக்கு ஓர் அநியாயம் நடந்திருக்கிறது. செய்தவர்கள் உன் ஊர்க்காரர்கள். உன் முழங்காலைப் பற்றிக் கடைசியில் விசாரிக்கிறேன்.

பக்கத்து வீட்டு ழினெத்துக்கு அவள் மகள் உங்கள் பக்கத்திலிருந்து கடல் சிப்பி அனுப்பியிருந்தாள். அதைச் சுற்றி வந்த செய்தித்தாளில் உங்கள் மேயர் ஒரு கல் பலகையைத் திறந்துவைக்கும் படம். பலகை உன் வீட்டுச் சுவரிலிருந்து நாலு கதவு தள்ளி இருக்கிறது. அதில் வெட்டியிருப்பது: ‘உப்புக் கதவு திரைப்படம் 1948இல் இந்தக் கயிற்றுக்காரர் தெருவில் படமாக்கப்பட்டது.’

ஒரு அடி பிலிம்கூட அங்கே ஓடவில்லை. அந்தத் தெருவைக் கட்டியவன் நான். இங்கே, என் வீட்டிலிருந்து ஏழு நிமிட நடையில், ஆற்றங்கரை ஸ்டூடியோவில், பதினேழு நாளில், இருபத்தாறு ஆட்களோடு கட்டினேன். கற்கள் பிளாஸ்டர். கூரை அட்டை. சுவருக்குத் தேநீரும் அடுப்புக் கரியும் பூசி, தோள் உரசும் உயரத்தில் மட்டும் மெழுகு தேய்த்தோம். தெருக் கோடி தூரமாகத் தெரிய வேண்டும் என்று கடைசி நாலு கதவுகளை ஒன்றைவிட ஒன்று சின்னதாக வைத்தேன். அங்கே நடந்துபோகும் இரண்டு மீனவர்கள் தச்சரின் மகள்கள். ஏழு வயது, ஒன்பது வயது. மீசை ஒட்டி விட்டது ழினெத். படம் முடிந்த மறுநாள் மதியத்துக்குள் எல்லாவற்றையும் சுத்தியலால் உடைத்து அள்ளிவிட்டார்கள்.

முப்பத்தெட்டுப் படங்களில் வேலை செய்திருக்கிறேன். ‘கலை இயக்குநர்’ என்று என் பெயர் மட்டும் தனியாகத் திரையில் வருவது அந்த ஒன்றில்தான். இப்போது அதையும் செய்தவன் எவனும் இல்லை, தெரு தானாகவே அங்கே இருந்தது என்று கல்லில் வெட்டிவிட்டார்கள்.

இந்தப் பொய்யை மேயரிடம் சொன்னது யார்? விசாரித்து எழுது. அவருக்கும் ஒரு கடிதம் போட்டிருக்கிறேன்.

முழங்கால் எப்படி இருக்கிறது?

உன் அண்ணன்,
கொரந்தேன் கெர்வடெக்


போர்-லனூ, 19 பிப்ரவரி

அன்புள்ள அண்ணனுக்கு,

நீ நலமா? இருமல் நின்றதா? இங்கே முழங்கால் மழைக்கு முதல்நாளே சொல்லிவிடுகிறது. வானொலியைவிட நம்பகமாக இருக்கிறது. கடை பரவாயில்லை. பொத்தானும் நூலும் யாருக்காவது வேண்டித்தான் இருக்கிறது. முயல் நாலு குட்டி போட்டது.

பலகையைப் பற்றிக் கேட்டிருந்தாய். அதை வைத்த பிறகு ஞாயிறுகளில் வெளியூர் ஆட்கள் வருகிறார்கள். நடுத்தெருவில் நின்று கையைக் கண்முன் சதுரமாகப் பிடித்துப் பார்க்கிறார்கள். போன வாரம் ஒருவர் என் கடைக் கதவைத் தடவிப் பார்த்துவிட்டு, “இதுதான் அந்தக் கதவு” என்று மனைவியிடம் சொன்னார். அதை என் வீட்டுக்காரர் ஐம்பத்தாறில் மாட்டினார்.

உனக்கு நான் எழுதாத சேதி ஒன்று உண்டு. போன வருடம் நகரசபை எங்கள் தெருவில் ஒற்றைப்படை எண் வீடுகளை இடித்துக் கார் நிறுத்துமிடம் போடுவதாக இருந்தது. என் வீடு ஒன்பதாம் எண். படம் எடுத்த தெரு என்று ஆனதும் அந்தத் திட்டத்தை எடுத்து வைத்துவிட்டார்கள். எடுத்துத்தான் வைத்திருக்கிறார்கள், கிழித்துப் போடவில்லை.

அதனால் மேயருக்கு மறுபடி எழுதுமுன் கொஞ்சம் பொறு, அண்ணா. உப்பு வெண்ணெய் ஒரு பொட்டலம் தனியாக அனுப்புகிறேன்.

அர்மெல்


ழுவான்வீல், 24 பிப்ரவரி

அர்மெல்,

வெண்ணெய் வந்தது. நன்றி. இருமல் அப்படியேதான்.

உன் வீடு இடிபடக் கூடாது. அதில் எனக்கும் உனக்கும் கருத்து வித்தியாசம் இல்லை. ஆனால் பொய்யை முட்டாக வைத்து நிற்கும் சுவர் எத்தனை நாள் நிற்கும் என்று எனக்குத் தெரியும்; என் பிழைப்பே அப்படிப்பட்ட சுவர்கள்தான். பின்னால் இருக்கும் கம்பை எவனாவது ஒருநாள் தட்டிவிடுவான்.

பதினாலு வயதில் கடைப் பலகைக்குப் பெயிண்ட் அடித்தவன் நான். எந்தக் கலைப் பள்ளியிலும் காலெடுத்து வைத்ததில்லை. நிழல் எப்படி விழும் என்று மாதா கோயில் படியில் உட்கார்ந்து, மணிக்கொரு தரம் சாக்குக் கட்டியால் கோடு போட்டுக் கற்றுக்கொண்டேன். 1934இல் தெலமார் என்ற பெரிய கலை இயக்குநரிடம் சேர்ந்தேன். அவர் கட்டடக் கலை படித்தவர். ஒரு துறைமுகம் முழுவதையும் நான் வரைந்தேன், நான் கட்டினேன். படம் வந்தபோது என் பெயரைத் தேடினேன். மறுநாள் கேட்டேன்.

“பேரு படிச்சவனுக்குப்பா, கெர்வடெக். உனக்குத்தான் சம்பளம் வருதே.”

“துறைமுகம் என்னுது, ஐயா.”

“அப்படின்னா அதுல கப்பல் விடு.”

மொத்த அறையும் சிரித்தது. இப்படிப் பதினேழு படம். பிறகு என் பெயர் வரத் தொடங்கிய காலத்தில் புதுப் பையன்கள் கேமராவைத் தோளில் தூக்கிக்கொண்டு நிஜத் தெருவுக்கே போய்விட்டார்கள். “செட்டா? அது பொய்” என்றார்கள். இப்போது என் பொய்யை நிஜம் என்கிறார்கள். இரண்டு வழியிலும் நான் இல்லை.

மேயருக்கு இரண்டாவது கடிதமும் போய்விட்டது. நீ ஒன்று செய்: தெருவின் அகலத்தை டேப் வைத்துச் சரியாக அளந்து அனுப்பு. என் வரைபடத்தோடு ஒப்பிட்டுப் பார்க்கிறேன்.

யார் சொன்னது என்று நீ எழுதவில்லை.

கொரந்தேன்


போர்-லனூ நகரசபை, 20 மார்ச்

மதிப்பிற்குரிய கெர்வடெக் ஐயா அவர்களுக்கு,

தங்கள் இரண்டு கடிதங்களும் கிடைத்தன. இந்த மண்ணின் மைந்தர் ஒருவர் திரைத்துறையில் உழைத்திருப்பது எங்களுக்குப் பெருமை.

பலகையின் வாசகம் நேரில் கண்டவர்களின் சாட்சியத்தை ஒட்டி எழுதப்பட்டது. படப்பிடிப்பு நடந்ததாக எழுத்தில் கையொப்பமிட்ட முதல் சாட்சி, ஒன்பதாம் எண் வீட்டிலிருக்கும் திருமதி அர்மெல் தாங்கி. தங்கள் உடன்பிறந்த தங்கை என்று அறிகிறேன். குடும்பத்துக்குள் பேசித் தெளிவுபடுத்திக்கொள்வீர்கள் என்று நம்புகிறேன்.

மரியாதையுடன்,
ஈவான் ரொபிக், மேயர்


ழுவான்வீல், 23 மார்ச்

அர்மெல்,

மேயரின் கடிதத்தை இத்துடன் வைத்திருக்கிறேன்.

உண்மையா?

அகலமும் இன்னும் வரவில்லை.

கொ.


போர்-லனூ, 30 ஏப்ரல்

அன்புள்ள அண்ணனுக்கு,

நலமா? இங்கே ஆப்பிள் மரம் பூத்துவிட்டது. முயல் குட்டிகளில் இரண்டைக் கறிக்கடை பெர்திலுக்குக் கொடுத்தேன்.

தெருவின் அகலம் நாலு மீட்டர் நாற்பது. இரண்டு தரம் அளந்தேன்.

உண்மைதான். நான்தான் சொன்னேன். எப்படி நடந்தது என்று கேள். நகரசபைக் கூட்டத்துக்குத் தெருக்காரர்கள் எல்லோரும் போயிருந்தோம். ரொபிக் பெரிய படத்தை விரித்து, “இங்க அறுபது கார் நிக்கும்மா” என்றார்.

“அறுபது கார்ல வந்து எதைப் பாப்பாங்க? மத்த அம்பத்தொம்பது காரையா?” என்றேன்.

சிரித்தார்கள். சிரித்துக்கொண்டே கையைத் தூக்கி ஓட்டுப்போடத் தயாரானார்கள். அப்போது என் வாய் தானாகச் சொல்லிவிட்டது: “இது ‘உப்புக் கதவு’ எடுத்த தெரு. தெரியுமா உங்களுக்கு?”

தூக்கிய கைகள் இறங்கின. பிறகு பெர்தில் எழுந்தார், அவரும் நகரசபை உறுப்பினர்தானே. “அட ஆமாய்யா! எங்க அம்மா வீட்டு ஜன்னல் வருதே அதுல! நான் பாத்திருக்கேன்!” பேக்கரி குயோமார் சும்மா இருப்பாரா? “அந்த நடிகைக்கு நான்தான் தினம் ரொட்டி குடுத்தேன். ஒல்லியா இருப்பா, பாவம்.” மீன் ஏலக்காரர், கேமரா வண்டி தன் காலில் ஏறியதாகச் சொல்லி ஷூவைக் கழற்றத் தொடங்கினார். அண்ணா, ஒன்பது பேர் அன்றைக்குப் படப்பிடிப்பைப் பார்த்திருந்தார்கள். நான் சொன்னது ஒரு பொய்தான். வீடு திரும்பும்போது எனக்கே சந்தேகம் வந்துவிட்டது.

உன்னிடம் மறைத்தது தப்பு. வீட்டைக் காப்பாற்றியது தப்பில்லை.

அர்மெல்


ழுவான்வீல், 4 மே

அர்மெல்,

நாலு மீட்டர் நாற்பது! உன் கடிதத்தை மேசையில் வைத்துவிட்டு வரைபடத்தை எடுத்தேன். என் தெரு ஐந்து மீட்டர் இருபது. எண்பது சென்டிமீட்டர் வித்தியாசம். படத்தில் மூன்று பெண்கள் இரண்டு கையிலும் கூடையோடு பக்கம் பக்கமாக நடக்கிறார்கள். உன் தெருவில் அப்படி நடந்தால் ஓரத்தில் இருப்பவர்களின் கூடை சுவரில் உரசும். இதற்குமேல் என்ன சாட்சி வேண்டும்? ஒன்பது பேர் காலைக் காட்டினாலும் எண்பது சென்டிமீட்டரை எங்கே ஒளித்துவைப்பார்கள்?

அந்த அகலத்தைப் பற்றித்தான் விமர்சகர்கள் எழுதினார்கள் என்பது உனக்குத் தெரியாது. ‘தெருவின் அந்தச் சிறிய உபரி வெளியில்தான் விதவையின் தனிமை நிற்கிறது’ என்று ஒருவர் எழுதினார். கத்தரித்து வைத்திருக்கிறேன். கண்ணால் பார்த்து நான் எடுத்த முடிவு அது. எந்தப் பள்ளியிலும் சொல்லித் தர மாட்டார்கள்.

ஜூலையில் வரைபடங்களோடு நகரசபைக்கு வருகிறேன். அதற்குள் கார் நிறுத்துமிடத்துக்கு வேறு இடம் யோசித்து வை. மீன் ஏலக் கொட்டகைக்குப் பின்னால் காலி மனை இருந்ததே?

உன்மேல் கோபம்தான். முழங்காலுக்குச் சூடான உப்பு ஒத்தடம் கொடு.

கொரந்தேன்


போர்-லனூ, 2 ஜூன்

அன்புள்ள அண்ணனுக்கு,

நலம், நலமறிய ஆவல்.

நீ மறந்திருப்பாய் என்று நினைக்கவில்லை. 1948 ஜனவரியில் நீ எனக்கு எழுதினாய்: இயக்குநர் நம் ஊர்த் தெரு மாதிரியே கேட்கிறார், எனக்கு வர நேரமில்லை, நீ அளந்து அனுப்பு என்று. வீட்டில் டேப் இல்லை. கடைத் துணி அளக்கும் கோலை மழையில் நனைக்க முடியாது. துடைப்பத்தால் அளந்தேன். மூன்று நாள், மழையில். எதிர்வீட்டு சொவாஸ் ஜன்னலைத் திறந்து, “என்ன அர்மெல், தெருவையே பெருக்கி முடிச்சிடுவ போல?” என்றாள்.

“பெருக்கலடி, அளக்கறேன்.”

“எதுக்கு? விக்கப் போறியா?”

கதவு, ஜன்னல், படி, சாக்கடை மூடி, சுவரில் தோள் உரசிக் கறுத்த இடம் எத்தனை உயரம் என்பதுவரை எழுதி நாலு தாள் அனுப்பினேன். தெருவின் அகலம் நாலு துடைப்பம். நீ துடைப்பக் கம்பு ஒரு மீட்டர் முப்பது என்று கணக்குப் போட்டிருப்பாய். கடையில் விற்பது அதுதான். எங்கள் துடைப்பத்தில் என் வீட்டுக்காரர் இருபது சென்டிமீட்டரை வெட்டிப் படகுக்கு முளை அடித்துவிட்டார். அதை எழுத எனக்குத் தோன்றவில்லை. நீயும் கேட்கவில்லை.

படம் வந்தபோது பஸ் ஏறிப் போய்ப் பார்த்தேன். தெரு வந்ததும் பக்கத்தில் இருந்தவரிடம், “எங்க தெரு” என்றேன். கடைசியில் பெயர்கள் வந்தன. தலை வாரிவிட்டவர் பெயர் இருந்தது. குதிரைக்குப் புல் போட்டவர் பெயர் இருந்தது. எழுத்து வேகமாக ஓடியதால் சரியாகப் படிக்கவில்லையோ என்று அங்கேயே உட்கார்ந்து அடுத்த காட்சியும் பார்த்தேன்.

அவ்வளவுதான். ஜூலையில் வந்தால் மாடி அறையைச் சுத்தம் செய்து வைக்கிறேன். உனக்குச் சரி என்று படுவதைச் செய்.

அர்மெல்


ழுவான்வீல், 11 ஆகஸ்ட்

அன்புள்ள அர்மெலுக்கு,

ஜூலையில் நான் வரவில்லை என்பது உனக்குத் தெரியும். உடம்புக்கு ஒன்றுமில்லை. மேல்மாடியில் பெட்டிகளைத் தேடிக்கொண்டிருந்தேன். இருபத்தேழு பெட்டி.

நாலு தாளும் கிடைத்தன. ஐந்தாவதும் ஒன்று இருந்தது, நீயே மறந்திருப்பாய். அதில் எந்த ஜன்னலில் எந்த மாதிரித் திரை, எந்த வீட்டில் சாயங்காலம் எத்தனை மணிக்கு விளக்கு என்று எழுதியிருக்கிறாய். அதை அப்படியே எடுத்து விளக்குப் பொறுப்பாளரிடம் கொடுத்திருக்கிறேன். ஓரத்தில் என் பென்சில் குறி இருக்கிறது. மேலே உன் பெயர் எழுதிய பகுதியைக் கிழித்து எதற்கோ பயன்படுத்தியிருக்கிறேன்.

ழினெத்திடம் காட்டினேன். காட்டியிருக்கக் கூடாது. கண்ணாடி போட்டு ஐந்தையும் படித்தாள்.

“கொரந்தேன், உம் பேரைப் போடலைன்னு நீ புலம்பிப் புலம்பி முப்பது வருஷமா எங்கிட்ட காபி ஆறிப்போகுது. இந்தப் பொண்ணு பேரை நீ எங்கய்யா போட்ட?”

“அது வேற.”

“எது வேற?”

“அவ என் தங்கச்சி.”

“அப்ப சரி. தெலமாருக்கு நீ தங்கச்சியா இல்லாம போயிட்ட. அதான் அவ்வளவு கோபம்.”

இரண்டு வாரம் அவளோடு பேசவில்லை. நாற்பது வருடமாக தெலமாரைத் திட்டிவந்தேன். அதையும் நிறுத்திவிட்டேன்.

இப்போது காரியத்துக்கு வருகிறேன். பலகை பொய், அதில் நான் இறங்கிவர மாட்டேன். ஆனால் அந்தத் தெருவை யாராவது இடித்தால், என் செட்டுக்கு மூலம் போய்விடும். பாரிஸில் ஓர் ஆவணக் காப்பகம் என் வரைபடங்களைக் கேட்டு மூன்று கடிதம் எழுதியிருக்கிறது. அவர்களுக்கு இல்லை என்று சொல்லப்போகிறேன். ‘உப்புக் கதவு’ வரைபடம் நாற்பத்திரண்டையும் உங்கள் நகரசபைக்குத் தருகிறேன். ஒப்பந்தத்தில் ஒரே நிபந்தனை: தெரு நிற்கும்வரை வரைபடம் அங்கே இருக்கும், தெருவில் ஒரு கல்லைப் பெயர்த்தாலும் அத்தனையும் பாரிஸுக்குப் போகும். பலகையில் உண்மையை வெட்ட வேண்டும். உண்மை அந்தப் பொய்யைவிடப் பெரியது: அங்கே எடுத்தார்கள் என்பதைவிட, அதைப் பார்த்துக் கட்டினார்கள் என்பது பெரிது. இந்த ஒரு வரியை மேயரிடம் நீயே சொல். என்னைவிட உனக்கு நன்றாகப் பேச வரும்.

உன் ஐந்து தாள்களும் அந்த நாற்பத்திரண்டோடு சேர்ந்தவை. அவற்றைக் கொடுக்க எனக்கு உரிமை இல்லை. உன் சம்மதம் வேண்டும்.

முழங்கால்?

கொரந்தேன்


போர்-லனூ, 20 ஆகஸ்ட்

அன்புள்ள அண்ணனுக்கு,

சம்மதம். முழங்கால் நன்றாக இருக்கிறது.

ரொபிக்கைச் சந்தையில் பிடித்துச் சொன்னேன். தக்காளியை எடுத்த கை அப்படியே நின்றது.

“அப்படின்னா எடுக்கவே இல்லையாம்மா? நீங்க கையெழுத்துப் போட்டீங்களே!”

“போட்டேன். இப்ப இன்னொரு கையெழுத்துப் போடறேன். நாப்பத்திரண்டு படம் வருது. பக்கத்து ஊர்ல வச்சிருக்கறது ஒரு பழைய பீரங்கிதான்.”

பீரங்கி என்றதும் முகம் மாறிவிட்டது. செப்டம்பர் பத்தில் கூட்டம். பெர்திலுக்கு மட்டும் வருத்தம். அவர் அம்மாவின் ஜன்னல் படத்தில் இல்லை என்பதை ஏற்க மறுக்கிறார். இருக்கிறது என்று சொல்லிவிட்டேன். அளந்தேனே, இல்லாமல் எப்படி?

ழினெத்துக்கு என் அன்பைச் சொல். அவளையும் கூட்டிக்கொண்டு வா.

அர்மெல்


ழுவான்வீல், 15 செப்டம்பர்

அன்புள்ள அர்மெலுக்கு,

உன் தந்தி வந்தது. பதினோரு பேர் ஆதரவு, எதிர்ப்பு இல்லை, பெர்தில் நடுநிலை. நல்லது. இருமல் நின்றுவிட்டது. தோட்டத்து லீக்ஸ் வெங்காயத்தாள்கள் இந்த வருடம் என் மணிக்கட்டுத் தடிமன். காலையில் ஜன்னலைத் திறந்து ஆற்றைப் பார்த்தபோது, யாரையும் திட்டாமல் அரை மணி நேரம் நின்றிருந்தேன் என்று ழினெத் சொல்கிறாள். அவள் அளந்தது, நான் பொறுப்பில்லை.

29ஆம் தேதி ஞாயிற்றுக்கிழமைக்கு ஆக வேண்டியவை. இதில் எதையும் யாரும் மாற்றக் கூடாது.

மேயர் ரொபிக்: வெள்ளிக்கிழமைக்குள் பழைய பலகையைக் கழற்ற வேண்டும். உடைக்கக் கூடாது, அதை வெட்டியவரும் ஒரு நாள் முழுக்க உழைத்திருப்பார். பேச்சு ஐந்து நிமிடம். ‘மண்ணின் மைந்தர்’ கூடாது.

நகரசபை உறுப்பினர்கள்: ஒப்பந்தத்தில் பன்னிரண்டு பேரும் கையெழுத்திட வேண்டும். பெர்திலும்தான்.

நகரசபை எழுத்தர்: வரைபடங்களை வடக்குச் சுவரில் மாட்ட வேண்டும். வெயில் படக் கூடாது. உன் ஐந்து தாள்கள் முதலில், பிறகு என் நாற்பத்திரண்டு. வேலை நடந்த வரிசை அதுதான்.

கல் வெட்டுபவர்: ‘இந்தத் தெருவை அளந்தவர் அர்மெல் தாங்கி. அந்த அளவில் உப்புக் கதவு படத்துக்காக இதைக் கட்டியவர் கொரந்தேன் கெர்வடெக். 1948.’ இரண்டு பெயருக்கும் ஒரே அளவு எழுத்து. இடம் போதாது என்று சொன்னால் என் முதல் பெயரைச் சுருக்கலாம். உன் பெயரில் கைவைக்கக் கூடாது.

குயோமார்: ரொட்டி. நடிகைக்குக் கொடுத்தது போலவே.

ழினெத்: பாரிஸ் ஸ்டேஷனில் சனிக்கிழமை காலை எட்டுப் பத்து ரயிலுக்கு நேரத்தோடு நிற்க வேண்டும். தொப்பி ஒன்று போதும்.

நான்: பின்வரிசையில் உட்கார வேண்டும்.

நீ: கல்லுக்குப் பக்கத்தில் நிற்க வேண்டும். வெளியூர்க்காரர்கள் வருவார்கள். படத்தில் தெரு இன்னும் அகலமாக இருந்ததே என்று எவராவது கட்டாயம் கேட்பார். அதற்குப் பதில் சொல்ல வேண்டியவள் நீ. முழுவதையும் சொல், அவசரமில்லாமல். நான் குறுக்கே பேச மாட்டேன்.

உன் அண்ணன்,
கொரந்தேன்